மனையுரிமையும் ஊர்நலமும்

சொந்தமாக ஒரு மனை வேண்டும், அதில் ஒரு வீடு வேண்டும் என்பது மக்கள் அனைவர்க்கும் இயல்பாக உள்ள விருப்பம். அரும்பாடுபட்டு ஈட்டிய பொருளால் வாங்கிய நிலத்தில் ஒருவர் வீடு கட்ட முனைகின்றார். அப்பொழுது, ‘வரைபடத்தைக் காட்டுக, அனுமதி பெறுக, சுற்றிலும் இத்தனை அடி இடம் விடுக’ என்று நகராட்சி கூறுகின்றது. ‘நிலமும் என்னுடையது, பணமும் என்னுடையது, இதில் பிறர்க்கு என்ன வேலை?’ என்று அவர் வினவுகின்றார். இவ்வினா புறக்கணிக்கத் தக்கதன்று. ஆராய்ந்து விடை கூறத் தக்கது.

மனைக்கு எல்லைக்கல் உண்டு. தீக்கும் வெள்ளத்திற்கும் எல்லைக்கல் இல்லை. ஒருவர் வாய்க்காலை மறித்துச் சுவர் எழுப்பினால், மழைநீர் அடுத்தவர் வீட்டினுள் புகும். இடைவெளியின்றி மாடிகளை உயர்த்தினால், அண்டை வீட்டார்க்குக் காற்றும் ஒளியும் இல்லையாம். தெருவை நெருக்கிக் கட்டினால், தீயணைக்கும் வண்டி உள்ளே வர வழியிராது.

2004 ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 16 ஆம் நாள் கும்பகோணத்தில் நிகழ்ந்த கொடுமையைத் தமிழகம் மறத்தல் இயலாது. ஒரு பள்ளியின் சமையற்கூடத்தில் எழுந்த தீ, மாடியின் கீற்றுக் கூரையைப் பற்றிக்கொண்டது. குறுகிய வழியில் தப்ப இயலாமல் 94 குழந்தைகள் உயிரிழந்தனர். காலையில் பையைத் தோளில் மாட்டிச் சென்றவர்கள் மாலையில் வீடு திரும்பவில்லை. எளிதில் தீப்பற்றாத கூரை, அகன்ற படிக்கட்டு, வெளியேற மற்றொரு வழி என்று கட்டட விதிகள் கேட்பன மிகச் சிலவே. அவற்றை வீண் தொல்லை என எண்ணுவோர் அக்குழந்தைகளை நினைத்தல் வேண்டும்.

இத்தகைய கேடுகளைத் தடுத்து ஊரை ஒழுங்குபட அமைப்பதற்கென்றே 1920 ஆம் ஆண்டில் சென்னை நகரமைப்புச் சட்டம் இயற்றப்பெற்றது. 1971 ஆம் ஆண்டில் இயற்றப்பெற்ற நகர் ஊரமைப்புச் சட்டம் பின்னர் அதன் இடத்தைப் பெற்றது.

எனினும், பொதுநலம் என்னும் பெயரால் உடைமையாளரை வருத்துதலும் முறையன்று. 1978 ஆம் ஆண்டில் செய்யப்பெற்ற 44 ஆவது திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளின் வரிசையிலிருந்து நீக்கியது. ஆயினும், சட்டத்தின் வழியாகவன்றி எவருடைய சொத்தையும் பறித்தலாகாது என்று அரசியலமைப்பின் 300-அ பிரிவு காவல் செய்கின்றது. ஒருவர் நிலம் பூங்காவிற்கென்றோ சாலைக்கென்றோ திட்டத்தில் ஒதுக்கப்படலாம். அத்திட்டத்தின் அறிவிப்பு வெளியான மூன்றாண்டுகளுக்குள் அதனைக் கையகப்படுத்தும் அறிவிப்பை அரசு வெளியிடாமலும், உடன்படிக்கையால் பெறாமலும் இருந்தால், அந்நிலம் ஒதுக்கீட்டிலிருந்து விடுபட்டதாகும் என 1971 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 38 ஆம் பிரிவு கூறுகின்றது. வேண்டுமென்றால் உரிய விலை கொடுத்துப் பெறுக. வேண்டாவெனில் விடுக என்பதே இதன் கருத்து. இது நேர்மையான விதியன்றோ?

சட்டம் நேர்மையாக இருப்பது மட்டும் போதாது. அதை நடத்துவோரும் நேர்மையாளராய் இருத்தல் வேண்டும். தக்க காரணமின்றி வரைபடத்தை மாதக்கணக்கில் மேசையில் கிடத்துவதும், கையூட்டை எதிர்நோக்குவதும் மக்களை விதி மீறத் தூண்டுவனவாம். மீறிக் கட்டிய கட்டடங்களைக் கட்டணம் பெற்று வரன்முறைப்படுத்த 1998 ஆம் ஆண்டில் அச்சட்டத்தில் 113-அ என்னும் பிரிவு சேர்க்கப்பெற்றது. விதிக்கு அடங்கி இடம் விட்டவர் இழப்புற, அடங்காதவர் பணம் கட்டிப் பயன்பெறுதல் அறமாகாது. மீறலுக்கு விலை குறித்தால், பொருளுடையார்க்கு விதி இல்லையென்று ஆகிவிடும்.

2,500 சதுர அடி வரையுள்ள மனையில் 3,500 சதுர அடி வரை வீடு கட்டுவோர், விதிப்படி கட்டுவதாகத் தாமே சான்றளித்து உடனே அனுமதி பெறும் முறை 2024 ஆம் ஆண்டில் தமிழ்நாட்டில் தொடங்கப்பெற்றது. காலத்தாழ்வை நீக்கும் இம்முறை வரவேற்கத் தக்கதே. அரசு குடிமக்கள்மீது நம்பிக்கை வைத்துள்ளது. அந்நம்பிக்கைக்கு உரியவராய் நடத்தல் குடிமக்களின் கடன்.

இன்றைய மாணவரே நாளைய வீட்டுக்காரர், நாளைய பொறியாளர், நாளைய அலுவலர். ‘இச்சுவரால் அண்டை வீட்டார்க்குத் தீங்கு உண்டோ?’ என்று கட்டுவோரும், ‘இத்தாமதத்தால் ஒரு குடும்பம் வருந்துமோ?’ என்று அனுமதி வழங்குவோரும் தம்மைத் தாமே கேட்டுக்கொள்வாராயின், மனையுரிமையும் ஊர்நலமும் ஒன்றற்கொன்று பகையாகா.