நாக்கைத் திருத்தச் சொல்லும் பிரபு

கிழக்கு லண்டனில் பாப்லர் என்றொரு பகுதி. துறைமுகத் தொழிலாளிகளும் குடியேறிகளும் வாழ்ந்து வந்த இடம். அங்கே நகராட்சிக் குடியிருப்பில் 1984ல் பிறந்தவர் அலெக்ஸ் ஸ்காட். தந்தை ஜமைக்கா வழியினர். தெருவில் பையன்களோடு பந்து உதைத்துத் திரிந்த அந்தப் பெண்ணை எட்டு வயதில் ஆர்சனல் கிளப் சேர்த்துக்கொண்டது. வலப்பக்கத் தடுப்பாட்டக்காரர். இங்கிலாந்துக்காக 140 ஆட்டங்கள். 2007, 2011, 2015 என மூன்று உலகக் கோப்பைகள், கடைசியில் மூன்றாமிடம். 2017ல் சர்வதேச ஆட்டத்திலிருந்தும், 2018ல் கிளப் ஆட்டத்திலிருந்தும் விலகினார்.

இது சாதனைப் பட்டியல். நாம் பார்க்க வேண்டியது வேறு கணக்கு.

நாட்டுக்காக ஆடும் தரத்தில் இருந்தவருக்கு ஆட்டம் சோறு போடவில்லை. அதனால் அதே ஆர்சனல் கிளப்பின் சலவைக் கூடத்தில் வேலை பார்த்தார். கோடிகளில் புரண்ட ஆண்கள் அணியின் சேறு அப்பிய சட்டைகளைத் துவைத்து, உலர்த்தி, மடித்துக் கொடுத்தார். அப்புறம்தான் தன் பயிற்சி. ஒரே கிளப், ஒரே சின்னம். ஒருத்தன் அழுக்காக்க, ஒருத்தி வெளுக்க. அடுத்தவன் அழுக்கை வெளுப்பது யார் தலையில் எழுதப்பட்ட வேலை என்று நமக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை.

பெண்கள் ஆட்டத்தைப் பார்க்க ஆள் வருவதில்லை, அதனால்தான் கூலியில்லை என்பார்கள். பொய். 1920 டிசம்பரில் லிவர்பூல் நகரத்தில் ஆலைத் தொழிலாளிப் பெண்களின் டிக் கெர் அணி ஆடியபோது 53,000 பேர் திரண்டார்கள். அடுத்த வருஷமே, 1921ல், கால்பந்து பெண்களுக்குப் பொருந்தாது என்று இங்கிலாந்து கால்பந்துச் சங்கம் தன் மைதானங்களை இழுத்துப் பூட்டியது. ஐம்பது வருஷம் பூட்டியே கிடந்தது. கதவைச் சாத்திவிட்டு, வெளியே நிற்பவளைப் பார்த்து "உனக்கு ஆடத் தெரியாது" என்பதற்குப் பேர்தான் தகுதி.

துவைத்த பெண் என்ன செய்தார்? 2007 ஏப்ரலில் ஐரோப்பியப் பெண்கள் கோப்பையின் இறுதிச் சுற்று. சுவீடனின் உமேயோ அணியோடு இரண்டு ஆட்டங்கள். இரண்டிலும் சேர்த்து விழுந்தது ஒரே கோல். முதல் ஆட்டம் முடியும் தறுவாயில், தடுப்பு வரிசையிலிருந்து ஏறிவந்து அதை அடித்தவர் அலெக்ஸ் ஸ்காட். அந்தக் கோப்பையை முதன்முதலாக இங்கிலாந்துக்குக் கொண்டுபோனது அந்த அணிதான்.

இவ்வளவும் செய்தவர் 2018ல் ஆண்கள் உலகக் கோப்பைக்கு பிபிசியில் விமர்சகராக உட்கார்ந்தார். உடனே ஆரம்பித்தது. பொம்பளைக்கு என்ன தெரியும், கறுப்பி என்பதால் கணக்குக் காட்டக் கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள் என்று வசவு. 140 ஆட்டம் ஆடியவரிடம் தகுதி கேட்கிறார்கள் ஐயா! பக்கத்து நாற்காலி வெள்ளை ஆணிடம் இப்படிக் கேட்டவன் உண்டா? "கோட்டாவில் வந்தவன்" என்ற சொல்லை அலுவலக மேசைகளில் தினம் கேட்கிற நமக்கு இந்தக் குரல் புதுசா என்ன?

2021ல் இன்னொரு படி மேலே போனார்கள். டோக்கியோ ஒலிம்பிக் நிகழ்ச்சியை அவர் தொகுத்து வழங்கினார். டிக்பி ஜோன்ஸ் என்ற பிரபு, முதலாளிகள் கூட்டமைப்பை நடத்தியவர், வர்த்தக அமைச்சராக இருந்தவர், பொறுக்க முடியாமல் பொங்கினார். வார்த்தையின் கடைசியில் வரும் 'ஜி' எழுத்தை இந்தப் பெண் விழுங்கிவிடுகிறாராம். ஃபென்சிங்கை ஃபென்சின் என்கிறாராம், ரோயிங்கை ரோயின் என்கிறாராம். நிகழ்ச்சியே கெட்டுப்போகிறதாம்.

சொன்ன விஷயத்தில் பிழை பிடிக்க முடியவில்லை. அதனால் நாக்கில் பிடிக்கிறார். நம்ம பேச்சைக் கொச்சை, இழிசனர் வழக்கு என்று ஒதுக்கிய பண்டிதர்களும் இந்தப் பிரபுவும் சம்பந்திகள். மேட்டிமையின் சூட்சுமம் இதுதான். ஒரு தேர்வில் நீ ஜெயித்தால், கையிலே இன்னொரு வினாத்தாள் வைத்திருப்பான். ஆட்டம் முடிந்தால் அறிவு, அறிவு முடிந்தால் உச்சரிப்பு.

அலெக்ஸ் ஸ்காட் நாக்கைத் திருத்திக்கொள்ளவில்லை. தான் பாப்லர் உழைக்கும் குடும்பத்துப் பெண், தன் பேச்சு தனக்குப் பெருமை என்று பகிரங்கமாகவே பதில் சொன்னார். வர்க்கத்தையும் பேச்சையும் தோற்றத்தையும் காட்டி உங்களை நிறுத்த விடாதீர்கள் என்று, வசதியில்லாத வீட்டுப் பிள்ளைகளுக்கும் சொன்னார்.

இவரை வழிபாட்டுப் படமாக மாட்டச் சொல்லவில்லை. 2017ல் அவர் ஏற்ற விருதின் பெயரிலேயே 'சாம்ராஜ்யம்' இருக்கிறது. ஜமைக்காவை அடிமைத் தோட்டமாக்கிய அதே சாம்ராஜ்யம். ஒருத்தி திரையில் வந்ததால் சலவைக் கூடங்கள் காலியாகிவிடவும் இல்லை. ஆனாலும் அந்தப் பதிலை மாணவத் தோழர்கள் மனசில் வைத்துக்கொள்ள வேண்டும். நேர்முகத் தேர்விலும் கருத்தரங்க மேடையிலும் நம்ம பிள்ளைகள் வாயடைத்துப் போவது விஷயம் தெரியாமலா? பேச்சைக் கேட்டுச் சிரிப்பார்களே என்ற பயம். வகுப்புக் கூட்டங்களில் முதலில் அந்தப் பயத்தைப் பேசுவோம். சேரியில் பேசுகிற பேச்சிலேயே பேசுவோம். சிரிக்கிறவன் சிரிக்கட்டும்.