ஒரு நாள் டூர், இரண்டு மாநிலம்

திருவனந்தபுரம் தம்பானூரில் காலையில் பஸ் ஏறினால், பத்மநாபபுரம் அரண்மனை, சுசீந்திரம் கோயில், கன்னியாகுமரி மூன்றையும் பார்த்துவிட்டு ராத்திரி சாப்பாட்டு நேரத்துக்குத் திரும்பிவிடலாம். கேரள சுற்றுலா வளர்ச்சிக் கழகமும் தனியார் டிராவல்ஸ்காரர்களும் பல ஆண்டுகளாக விற்றுவரும் டூர் இது. போக வர சுமார் 180 கிலோமீட்டர். தில்லியிலிருந்தும் மும்பையிலிருந்தும் வரும் தமிழ்க் குடும்பங்களுக்கு, பத்மநாபசுவாமி தரிசனம் முடிந்த மறுநாள், இதைவிட வசதியான ஏற்பாடு கிடையாது. நடுவில் ஒரு மாநில எல்லை வருகிறது. தூக்கக் கலக்கத்தில் பலர் அதைக் கவனிப்பதில்லை.

பாறசாலை தாண்டியதும் களியக்காவிளை. கடைப் பலகைகளில் எழுத்து மாறுகிறது. பஸ்களின் நிறம் மாறுகிறது. பேச்சு மட்டும் சட்டென்று மாறுவதில்லை. இந்தப் பக்கத்து மலையாளத்தில் தமிழ் கலந்திருக்கிறது. அந்தப் பக்கத்துத் தமிழில் மலையாளம். எந்த மொழியில் கேட்டாலும் டீ வருகிறது. அடுத்து மார்த்தாண்டம். நீளமான மேம்பாலத்தின்மீது பஸ் விரைகிறது. கீழே இருக்கும் ஊரைப் பற்றி கைடு எதுவும் சொல்வதில்லை.

முதல் ஆச்சரியம் தக்கலையிலிருந்து இரண்டு கிலோமீட்டரில் காத்திருக்கிறது. பத்மநாபபுரம் அரண்மனை நிற்பது தமிழ்நாட்டு மண்ணில், கன்னியாகுமரி மாவட்டத்தில். டிக்கெட் கிழித்துக் கொடுப்பதோ கேரள அரசின் தொல்லியல் துறை. ஓடு மாற்றுவது, மரத்துக்கு எண்ணெய் பூசுவது, ஊழியர்களுக்குச் சம்பளம் தருவது எல்லாம் கேரளத்தின் பொறுப்பு. திங்கட்கிழமை விடுமுறை. அது தெரியாமல் வந்து பூட்டிய கதவைப் பார்த்துத் திரும்புகிறவர்களும் உண்டு.

உள்ளே போனால் கைடு உற்சாகமாகிவிடுகிறார். பூமுகத்தின் கூரையில் செதுக்கப்பட்ட 90 வகைப் பூக்கள், சீனத்துச் சிம்மாசனம், குதிரை வீரன் அமர்ந்த தூக்கு விளக்கு. முட்டை வெள்ளைக்கருவும் தேங்காய்ச் சிரட்டைக் கரியும் சுண்ணாம்பும் கலந்து இழைத்ததாகச் சொல்லப்படும், முகம் பார்க்கலாம் போன்ற கறுப்புத் தரை. 64 வகை மூலிகை மரத்தில் செய்த ராஜாவின் கட்டில். ஒரே வேளையில் 2,000 பேர் உட்கார்ந்து சாப்பிடக்கூடிய இரண்டு அடுக்கு ஊட்டுப்புரை. யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னங்களுக்கான உத்தேசப் பட்டியலில் 2014-லேயே இடம்பெற்ற மாளிகை இது. கைடு சொல்வதில் மிகை குறைவு.

அரண்மனை எப்படி வந்தது என்பதும் சொல்லப்படுகிறது. கல்குளம் என்று அழைக்கப்பட்ட இந்த ஊரில் 1601 வாக்கில் கட்டத் தொடங்கிய கோட்டைக்கு இன்றைய உருவம் கொடுத்தவர் மார்த்தாண்ட வர்மா. குளச்சலில் 1741-ல் டச்சுப் படையைத் தோற்கடித்தவர். 1750-ல் ராஜ்யத்தையே பத்மநாபசுவாமிக்கு எழுதிக் கொடுத்து, பத்மநாபதாசனாக ஆண்டவர். 1795 வரை திருவிதாங்கூரின் தலைநகர் இதுதான். பிறகு அது திருவனந்தபுரத்துக்குப் போனது.

தமிழ்நாட்டில் இருக்கும் வீட்டின் சாவி கேரளத்திடம் இருப்பது எப்படி? பயணிகளில் யாராவது ஒருவர் இதைக் கட்டாயம் கேட்கிறார். ‘1956-ல் மாநிலம் பிரிந்தது’ என்று ஒரு வரியில் பதில் வருகிறது. அந்த ஒரு வரிக்குள் ரத்தம் இருக்கிறது.

திருவிதாங்கூர் - கொச்சி மாநிலத்தின் தென்பகுதித் தமிழர்கள் தமிழ்நாட்டோடு சேர வேண்டும் என்று மார்ஷல் நேசமணி தலைமையில் போராடினார்கள். 1954 ஆகஸ்ட் 11-ந் தேதி மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் துப்பாக்கிச் சூடு நடத்தியது. பலர் உயிரிழந்தார்கள். அப்போது முதல்வர் பட்டம் தாணுப்பிள்ளை. பிரஜா சோஷலிஸ்ட் கட்சிக்காரர். அந்தக் கட்சியின் பொதுச் செயலாளராக இருந்த ராம் மனோகர் லோகியா, தன் கட்சியின் முதல்வரே ராஜினாமா செய்ய வேண்டும் என்றார். தாணுப்பிள்ளை மறுத்தார். இந்திய அரசியலில் அபூர்வமான அந்தச் சண்டை கடைசியில் கட்சியையே உடைத்தது. டூர் பஸ் மேம்பாலத்தில் ஏறித் தாண்டிப்போகும் மார்த்தாண்டம் இதுதான்.

மாநிலச் சீரமைப்புக் கமிஷன் சிபாரிசு செய்தபடி, 1956 நவம்பர் 1-ந் தேதி தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்கள் கன்னியாகுமரி மாவட்டமாகத் தமிழகம் வந்தன. செங்கோட்டையும் வந்தது; தேவிகுளமும் பீர்மேடும் வரவில்லை. நிலம் தமிழகத்துக்கு, அரண்மனை கேரளத்துக்கு என்று ஆனது. அறுபது வருஷங்களுக்கு மேலாகியும் இந்த ஏற்பாடு பெரிய தகராறு இல்லாமல் ஓடுகிறது. பஸ்ஸில் வருகிறவர்களுக்குச் சொல்ல வேண்டிய விஷயம், கட்டிலில் எத்தனை மரம் என்பதைவிட இதுதான்.

டூரில் விடுபடுவது இது மட்டுமல்ல. அரண்மனைக்குப் பக்கத்தில், புலியூர்க்குறிச்சியில், நெடுஞ்சாலையை ஒட்டியே இருக்கிறது உதயகிரிக் கோட்டை. குளச்சலில் சிறைபிடிக்கப்பட்டு, பிறகு தன்னைப் பிடித்த ராஜாவுக்கே தளபதியான டிலனாய் 1777-ல் இறந்து இங்கே அடக்கமானார். கல்லறையில் தமிழிலும் லத்தீனிலும் எழுதியிருக்கிறது. இதே டிலனாயிடம் கிறிஸ்துவைப் பற்றிக் கேட்டறிந்தவர் நட்டாலத்தைச் சேர்ந்த நீலகண்ட பிள்ளை என்ற அரசாங்க ஊழியர். 1745-ல் ஞானஸ்நானம் பெற்று தேவசகாயம் ஆனார். 1752-ல் ஆரல்வாய்மொழி அருகே காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்டார். 2022 மே 15-ந் தேதி போப் பிரான்சிஸ் அவரைப் புனிதர் என்று அறிவித்தார். பாதிரியாரோ துறவியோ அல்லாத, பொதுநிலை இந்தியர் ஒருவருக்கு அந்தப் பட்டம் கிடைத்தது அதுவே முதல் முறை. அவருடைய கல்லறை நாகர்கோவில் கோட்டாறு சவேரியார் ஆலயத்தில் இருக்கிறது. அரண்மனையின் பெருமையைச் சொல்லும்போது, அந்த அரசாங்கத்தின் தண்டனையில் செத்தவரையும் சேர்த்துச் சொன்னால்தான் கணக்கு நேராகும். தக்கலையிலேயே தமிழில் பாடிய சூஃபி ஞானி பீர் முகமது அப்பாவின் தர்காவும் இருக்கிறது. பஸ் அங்கும் நிற்பதில்லை.

அடுத்த நிறுத்தம் சுசீந்திரம். சுமார் 134 அடி உயர ராஜகோபுரம், தட்டினால் சுரம் பேசும் தூண்கள், 18 அடி அனுமார். சிவன், விஷ்ணு, பிரம்மா மூவரும் சேர்ந்த தாணுமாலயன் சன்னிதி. ஆண்கள் சட்டையைக் கழற்ற வேண்டும். பூஜை கேரள தாந்திரிக முறைப்படி நடக்கிறது. நிர்வாகமோ தமிழக அறநிலையத் துறையின் கையில். அரண்மனையில் இருந்த விசித்திரம் இங்கே தலைகீழாகிறது.

ஊரின் பெயருக்கு கைடு புராணம் சொல்வார். கௌதம முனிவரிடம் சாபம் வாங்கிய இந்திரன் சுத்தியடைந்த தலம் இது. சிலர் கைமுக்கு பற்றியும் சொல்வார்கள். ஒழுக்கக் குற்றம் சாட்டப்பட்ட நம்பூதிரி, கொதிக்கும் நெய்யில் கையைவிட்டு தன் தூய்மையை நிரூபிக்க வேண்டும். சுவாதித் திருநாள் ஆட்சியில் அது ஒழிந்தது. ஆனால் இந்தக் கோயிலைச் சுற்றிய தெருக்களில் நடப்பதற்காகவே 1926-ல் மனிதர்கள் சத்தியாகிரகம் செய்தார்கள் என்பது எந்த டூரிலும் சொல்லப்படுவது அபூர்வம். வைக்கம் ஊரறிந்த கதை. சுசீந்திரம் அதன் தம்பி. 1936 நவம்பர் 12-ந் தேதி சித்திரைத் திருநாள் மகாராஜா வெளியிட்ட ஆலயப் பிரவேசப் பிரகடனத்துக்குப் பிறகுதான் இந்த வாசல் எல்லா இந்துக்களுக்கும் திறந்தது. இன்று பஸ்ஸிலிருந்து இறங்கிச் செருப்பைக் கழற்றும் கூட்டத்தில் பாதிப் பேரின் தாத்தாக்கள் அன்றைக்கு உள்ளே போயிருக்க முடியாது.

கன்னியாகுமரி போகும் வழியில், கொஞ்சம் விலகினால், சாமித்தோப்பு. சாணார் மக்கள் தலைப்பாகை கட்டிக்கொண்டு, கண்ணாடியில் தெரியும் தங்கள் உருவத்தின் முன் நின்று வணங்கலாம் என்று சொன்ன அய்யா வைகுண்டரின் பதி அங்கே இருக்கிறது. அவரைத் திருவனந்தபுரத்தில் சிறைவைத்ததும் சுவாதித் திருநாளின் அரசாங்கம்தான். கைமுக்கை நிறுத்திய ராஜாவும் அவரே, நவராத்திரிக் கீர்த்தனைகள் பாடிய ராஜாவும் அவரே. சரித்திரத்தில் ஒருவருக்கு ஒரு முகம் மட்டும் இருப்பதில்லை.

கன்னியாகுமரியில் பொழுது ஓடிவிடுகிறது. 1892-ல் விவேகானந்தர் அமர்ந்த பாறை, 1970-ல் திறந்த நினைவாலயம், 2000-வது வருஷத்தின் முதல் நாளில் திறந்த 133 அடி வள்ளுவர் சிலை, இரண்டையும் இணைத்து 2024 டிசம்பரில் திறக்கப்பட்ட கண்ணாடிப் பாலம். படகு க்யூவில் நிற்கும் நேரத்தில் ஒரு சத்தியாகிரகக் கதையை முழுதாகச் சொல்லி முடித்துவிடலாம். மாலைச் சூரியன் கடலில் இறங்கியதும் பஸ் திரும்புகிறது.

திரும்பும் இந்த வழியில் வருஷத்துக்கு ஒரு தடவை வேறு சில பயணிகளும் போகிறார்கள். நவராத்திரிக்கு முன்னால், பத்மநாபபுரத்துச் சரஸ்வதியும், வேளிமலைக் குமாரசுவாமியும், சுசீந்திரத்து முன்னுதித்த நங்கையும் திருவனந்தபுரத்துக்குப் புறப்படுகிறார்கள். தலைநகர் மாறியபோது தெய்வங்களை ஊரைவிட்டுக் கிளப்ப மனமில்லாமல், திருவிழாவுக்கு மட்டும் அழைத்துப் போகும் ஏற்பாடு செய்துகொண்டார்கள். அந்தச் சரஸ்வதி கம்பர் பூஜித்த விக்கிரகம் என்பது ஐதீகம். புறப்படும் முன் அரண்மனையின் உப்பரிகை மாளிகையிலிருந்து ராஜாவின் உடைவாளை எடுத்து, இரண்டு மாநில அதிகாரிகளும் மந்திரிகளும் பார்த்திருக்க, முறைப்படி கைமாற்றுகிறார்கள். இரு மாநிலப் போலீசும் அணிவகுத்து மரியாதை செய்கிறது. குழித்துறையிலும் நெய்யாற்றின்கரையிலும் இரவு தங்கல். களியக்காவிளையில் கேரளம் வரவேற்கிறது. நகரத்துக்குள் சரஸ்வதி கிழக்குக் கோட்டை நவராத்திரி மண்டபத்திலும், குமாரசுவாமி ஆரியசாலையிலும், நங்கை செந்திட்டையிலும் தங்குகிறார்கள். விழா முடிந்ததும், வந்த வழியே ஊர் திரும்புகிறார்கள். பஸ் ஒரு நாளில் முடிக்கும் தூரத்துக்கு அவர்கள் மூன்று நாள் எடுத்துக்கொள்கிறார்கள்.

சாமிகளுக்கும் வாளுக்கும் அரண்மனைக்கும் வழி கண்டுபிடித்த இரண்டு அரசுகளால் தண்ணீருக்கு வழி கண்டுபிடிக்க முடியவில்லை. நெய்யாறு அணையின் இடதுகரைக் கால்வாயில் விளவங்கோடு தாலுகாவுக்கு வந்துகொண்டிருந்த தண்ணீரை 2004-ல் கேரளம் நிறுத்தியது. தமிழக அரசு சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனது. தெய்வங்கள் தங்கிப்போகும் குழித்துறைப் பக்கத்து விவசாயிகள்தான் அதில் நஷ்டப்பட்டவர்கள்.

மார்த்தாண்டத்தில் ரத்தம் சிந்திய இரண்டே வருஷத்தில் ஓர் அரண்மனையைப் பங்கிட்டுக்கொள்ள முடிந்திருக்கிறது. அப்படியானால் விட்டுக்கொடுக்கும் வித்தை இந்த மண்ணுக்குத் தெரியாததல்ல. பத்து நிமிஷம் ஒதுக்கி, களியக்காவிளையில் பஸ்ஸை நிறுத்தி கைடு இதைச் சொல்லலாம். டீயும் குடித்த மாதிரி இருக்கும்.