சத்துணவு வேலை ஏழைக்கா? அதிகாரி வீட்டு மருமகளுக்கா?



1982-ல் சத்துணவுத் திட்டம் ஊர் ஊருக்கு வந்தது. அமைப்பாளர், சமையலர், உதவியாளர் என்று நம் பெண்களுக்கு வேலையும் வந்தது. கணவனை இழந்தவருக்கும் கைவிடப்பட்டவருக்கும் முன்னுரிமை என்று எழுதி வைத்தார்கள். எழுத்து நன்றாகத்தான் இருக்கிறது. நேர்காணல் முடிந்து பட்டியல் வரும்போதுதான் தெரிகிறது, இது யார் வீட்டு மருமகள், அது யாருக்குக் கொழுந்தியாள் என்று!

2024 டிசம்பரில் 8,997 சமையல் உதவியாளர் இடங்களுக்கு அரசாணை வந்தது. தொடக்கத்தில் தொகுப்பூதியம் மாதம் 3,000 ரூபாய். இந்த மூவாயிரத்துக்கா இத்தனை சிபாரிசு என்று டவுன்காரர் சிரிக்கலாம். மானாவாரியில் கடலை போட்டு, மழை ஏமாற்றிய வருஷம் ஒரு விதவைத் தாய்க்கு அந்த மூவாயிரம்தான் பருப்பு, எண்ணெய், பிள்ளையின் பஸ் காசு எல்லாம்.

"அரசு சம்பளம் வாங்குற வீட்டுக்கு ஒண்ணுமே கொடுக்கக் கூடாதுன்னு விதி போடு" என்று நம் கூட்டத்திலேயே பலர் சொல்கிறார்கள். கோபம் நியாயமானது. ஆனால் பீகாரில் நடந்ததைப் பாருங்கள். அங்கே 2011 அங்கன்வாடி வழிகாட்டி நெறியில் 4.9 என்று ஒரு விதி. குடும்பத்தில் ஒருவர் அரசு வேலையில் இருந்தால் அந்த வீட்டுப் பெண்ணுக்கு வேலை கிடையாது. தேர்வில் அவருக்குக் கை இருக்கிறதா என்ற கேள்வியே இல்லை. 2022-ல் பாட்னா உயர் நீதிமன்றம் அந்த விதியே செல்லாது என்றது. அதே விதியால் வேலை போன ஒரு பெண் உச்ச நீதிமன்றம் வரை அலைந்து, 2025-ல்தான் வேலையைத் திரும்பப் பெற்றார்.

ரெண்டு ஏக்கர்காரர் மகன் போலீசில் சேர்ந்து தனிக்குடித்தனம் போய்விட்டான். வீட்டில் இருக்கும் விதவைத் தங்கச்சிக்கு அதனால் வேலை இல்லை என்றால் அடி விழுவது நமக்குத்தானே? கான்ஸ்டபிளா அவளுக்கு ஆர்டர் போட்டான்?

எனவே நாங்கள் கேட்பது வேறு. நேர்காணல் மேசையில் உட்காருகிறவர், ஃபைலில் கையெழுத்துப் போடுகிறவர், பதவியில் இருக்கும் ஊராட்சித் தலைவர், இவர்களின் மனைவி, மகள், மருமகள், உடன்பிறந்தாள் இவர்கள் அதிகாரத்துக்கு உட்பட்ட இடத்தில் மனுப் போட்டால் தள்ளுபடி செய். மற்ற உறவை மனுவிலேயே எழுதி வாங்கு. மறைத்தால் வேலையை ரத்து செய். மனு செய்தவர் பட்டியலையும் மதிப்பெண்ணையும் கிராம சபையில் வாசி!

தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் ஸ்டாம்ப் ஒட்டி இந்த மதிப்பெண்ணைத்தான் கேட்டோம். முப்பது நாளில் பதில் தரவேண்டும் என்பது சட்டம். வந்த பதில்: "தனிநபர் விவரம், தர இயலாது." யாருடைய தனிநபர் என்று எங்களுக்கும் தெரியும், அவர்களுக்கும் தெரியும்!

ஆகஸ்ட் 15 கிராம சபைக்கு வீட்டுக்கு ஒருவராவது வாருங்கள். பெண்கள் முன்வரிசையில் உட்காருங்கள். இந்தத் தீர்மானத்தைப் புத்தகத்தில் எழுதி, வாசித்துக் காட்டச் சொல்லுங்கள். அதற்கு முன்னால் யாரும் கையெழுத்துப் போடாதீர்கள்.

இவண்,
விவசாயிகள் சங்கம், ஒன்றியக் குழு