ஸ்நோபாலைத் திருத்தாதீர்கள்!



போன ஞாயிற்றுக்கிழமை வீட்டில் செய்த ஸ்நோபால் படத்தைப் போட்டேன். வந்த பதில்களைப் படித்துவிட்டு இரண்டு நாள் சும்மா இருந்து பார்த்தேன். 34 வருஷம் சாக்பீஸ் பிடித்தவளால் அதற்கு மேல் முடியவில்லை. கொஞ்சம் நீளமாகத்தான் எழுதுகிறேன். பொறுமையாகப் படியுங்கள்.

சென்னையில் இருக்கும் மைனி, "உலர்ந்த தேங்காய் எதற்கு? பச்சைத் தேங்காயைத் துருவிப் போடு, உடம்புக்கு நல்லது" என்று எழுதியிருந்தார். 1998-இல் என்னிடம் ஐந்தாம் வகுப்பு படித்த ஒரு மகள், "மைதாவுக்குப் பதில் சிறுதானியம், ஐசிங்குக்குப் பதில் கருப்பட்டிப் பாகு போடுங்க டீச்சர், சூப்பரா இருக்கும்" என்று யோசனை சொன்னாள். இன்னொரு மாணவன், "இது ஒரிஜினலே இல்லை, ஒரிஜினலில் மார்ஷ்மெல்லோவும் சாக்லேட்டும் இருக்கும்" என்று எனக்கே மார்க் போட்டுவிட்டான். தம்பி மகன் ஒரே வரியில் முடித்தான்: "வெள்ளைக்காரன் தேங்காய் லட்டு."

எல்லாருமே அன்பாகச் சொன்னதுதான், எனக்கு அதில் வருத்தம் இல்லை. ஆனால் ஒருவர்கூட "இதை அந்த ஊரில் எப்படிச் செய்வார்கள்?" என்று கேட்கவில்லை. என் கோபம் அதில்தான்.

என் மகள் ஸ்காட்லாந்தில் டண்டீ நகரத்தில் நர்ஸ் வேலை பார்ப்பது உங்களுக்குத் தெரியும். நான் அங்கே போய் ஆறு மாதம் இருந்தேன். பக்கத்து வீட்டில் 82 வயது அம்மா ஒருவர் தனியாக இருக்கிறார். இந்தப் பலகாரத்தை எனக்குச் சொல்லிக்கொடுத்தவர் அவர்தான். இரண்டு கைவிரலும் வாதத்தால் மடங்கிப்போனதால் அவரால் இப்போது மாவு பிசைய முடியாது. நாற்காலியில் உட்கார்ந்து அவர் சொல்லச் சொல்ல நான் செய்தேன்.

முதலில் மார்ஷ்மெல்லோ விவகாரம். அந்த மாணவன் சொன்னதும் ஒரு ஸ்நோபால்தான். கிளாஸ்கோ பக்கத்தில் அடிங்ஸ்டன் என்ற ஊரில் இருக்கும் டன்னக்ஸ் போன்ற கம்பெனிகள் செய்வது அது. உள்ளே மார்ஷ்மெல்லோ, மேலே சாக்லேட்டும் தேங்காயும். அதைக் கேக் என்பதா, மிட்டாய் என்பதா என்று வரி இலாகாவோடு வழக்கே நடந்து, 2014-இல் அது கேக்தான், வரி கிடையாது என்று தீர்ப்பானது. ஆனால் அது தொழிற்சாலைச் சரக்கு. ஸ்காட்லாந்தில் வீட்டு அடுப்படியிலும் தெருமுனை பேக்கரியிலும் செய்யும் ஸ்நோபால் வேறு. இரண்டு மெத்தென்ற சின்ன பன்களுக்கு நடுவே ராஸ்பெர்ரி ஜாம் வைத்து ஒட்டி, சீனி ஐசிங்கில் முக்கி, உலர்ந்த தேங்காய்த் துருவலில் புரட்டி எடுப்பது. பெயர் ஒன்று, பொருள் இரண்டு. நம் ஊரில் பணியாரம் என்றால் வீட்டுக்கு வீடு வேறு அல்லவா, அதுபோல.

செய்முறை கேட்டவர்களுக்காக அந்த அம்மா சொன்னபடியே எழுதுகிறேன். வெண்ணெய் 115 கிராம், சீனி 115 கிராம் இரண்டையும் நன்றாகக் குழைக்க வேண்டும். ஒரு முட்டையை அடித்து ஊற்றி, 225 கிராம் செல்ஃப் ரெய்சிங் மாவைச் சேர்க்க வேண்டும். நம் ஊரில் அந்த மாவு கிடைக்காவிட்டால் அதே அளவு மைதாவில் மூன்று டீஸ்பூன் பேக்கிங் பவுடரும் ஒரு சிட்டிகை உப்பும் கலந்து சலித்துக்கொள்ளலாம். மாவு கெட்டியாக இருக்க வேண்டும். உதிர்ந்தால் மட்டும் ஒரு ஸ்பூன் பால். பெரிய நெல்லிக்காய் அளவில் இருபது உருண்டை பிடித்து, இடம் விட்டுத் தட்டில் வைத்து, 180 டிகிரி சூட்டில் 12 முதல் 15 நிமிஷம். நிறம் லேசாக மாறினால் போதும். சிவக்க விட்டால் பிஸ்கட் ஆகிவிடும்.

முழுவதும் ஆறிய பிறகுதான் ஜாம். தட்டையான அடிப்பக்கங்களை ஜாம் தடவிச் சேர்த்து அரை மணி நேரம் விட்டுவிட வேண்டும். அவசரப்பட்டால் ஐசிங்கில் முக்கும்போது இரண்டும் தனித்தனியே நீந்தும். என் முதல் மூன்றும் அப்படித்தான் நீந்தின. 250 கிராம் ஐசிங் சுகரில் மூன்று நான்கு மேசைக்கரண்டித் தண்ணீர், தோசை மாவைவிடச் சற்று நீர்க்க. ஒரு கையால் ஐசிங்கில் முக்கி எடுக்க வேண்டும், மற்றக் கையால் தேங்காயில் உருட்ட வேண்டும். ஒரே கையால் இரண்டையும் செய்தால் தேங்காய் முழுக்க விரலில்தான் இருக்கும். செய்த உடனே தின்னக் கூடாது. இரண்டு மணி நேரம் வைத்தால் பன் இன்னும் மெத்தென்று ஆகும். பத்து ஸ்நோபால் வரும்.

இப்போது மைனிக்குப் பதில். மைனி, நீங்கள் சொன்னதை நான் அங்கேயே செய்து பார்த்துவிட்டேன். இரண்டாம் தடவை செய்தபோது, தேங்காய் விளையும் ஊரில் பிறந்தவளுக்கு இவர்கள் என்ன தேங்காய் சொல்லித்தருவது என்று ஒரு நினைப்பு. கடையில் முழுத் தேங்காய் வாங்கித் துருவிப் போட்டேன். மாவில் ஏலக்காயும் தட்டிப் போட்டேன். பச்சைத் தேங்காயில் பாதிக்குப் பாதி தண்ணீர் என்பதை மறந்துவிட்டேன். ஐசிங் இளகி வழிந்தது, மறுநாள் தேங்காய் புளித்த வாடை வந்தது. அது போகட்டும். செய்த அன்றே ஒன்றை அந்த அம்மாவுக்குக் கொண்டுபோய்க் கொடுத்தேன். மெதுவாகப் பாதி சாப்பிட்டார். "நன்றாக இருக்கிறது. இது உங்கள் ஊர்ப் பலகாரமா?" என்று கேட்டார்.

கிண்டல் இல்லை, உண்மையாகவே கேட்டார். 70 வருஷம் அவர் கையால் செய்த பண்டத்தை அவருக்கே அடையாளம் தெரியாமல் ஆக்கியிருந்தேன்.

ஸ்காட்லாந்தில் தென்னை கிடையாது. 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் இலங்கையில் தேங்காயைத் துருவி உலர்த்தும் ஆலைகள் வந்து, அந்தத் துருவல் பெட்டி பெட்டியாகக் கப்பலில் பிரிட்டனுக்குப் போனது. அந்த ஊர்ப் பெண்களுக்குக் கிடைத்த தேங்காய் அதுதான். அதை வைத்து அவர்கள் கண்டுபிடித்த பண்டம் இது. உலர்ந்த தேங்காய் இதில் குறை இல்லை மைனி, இந்தப் பலகாரம் அதனால்தான் உண்டானது. ராஸ்பெர்ரி ஜாமும் அப்படியே. டண்டீக்கு வடமேற்கே பிளேர்கௌரி பக்கம் ராஸ்பெர்ரி விளையும் பூமி. கோடையில் சிறுபிள்ளைகள் பழம் பறிக்கக் கூலிக்குப் போவார்களாம், அந்த அம்மாவும் போயிருக்கிறார்.

ஐசிங்கை எடுத்துவிடச் சொன்ன மகளே, உனக்கு ஒரு செய்தி. 1940-இல், யுத்தம் நடந்த காலத்தில், கேக்கின் மேல் சீனிப் பூச்சு போட்டு விற்கவே அங்கே அரசாங்கம் தடை போட்டது. சீனிக்கு ரேஷன். அது முடிந்தது 1953-இல். அப்போது அந்த அம்மாவுக்குப் பத்து வயது. ஸ்நோபாலின் வெள்ளைப் பூச்சு உனக்கு வெறும் சர்க்கரை. அவருக்கு அது, பத்து வயது வரை கடை ஜன்னலில்கூடப் பார்க்காத ஒன்று. உடம்புக்கு ஆகாது என்றால் பாதி தின்னு, தின்னாமலும் இரு. கருப்பட்டிப் பாகு ஊற்றிச் செய்தாலும் எனக்கு ஆட்சேபணை இல்லை, எனக்கும் ஒன்று கொடு. ஆனால் அதற்கு "பாரம்பரிய ஸ்காட்லாந்து ஸ்நோபால்" என்று பெயர் வைக்காதே. ராகியில் தட்டி, சீஸ் தூவி, "தமிழ்நாட்டுப் பாரம்பரிய இட்லி" என்று யாராவது வீடியோ போட்டால் நாம் என்ன ஆட்டம் ஆடுகிறோம்! அடுத்த வீட்டுக்காரர் பண்டத்துக்கும் அந்த நியாயம் உண்டுதானே?

அங்கேயும் வீட்டுக்கு வீடு மாறும் என்பீர்கள். மாறும்தான். அந்த அம்மாவின் தாயார் வெண்ணெய் கிடைக்காமல் மார்ஜரின் போட்டிருக்கிறார். அவர்கள் தெரிந்து, தங்களுக்குக் கிடைத்ததை வைத்து மாற்றினார்கள். நாம் தெரிந்துகொள்ளும் முன்பே திருத்துகிறோம்.

இதை நான் இவ்வளவு அழுத்திச் சொல்ல இன்னொரு காரணம் இருக்கிறது. 1994 என்று நினைவு. "எங்கள் வீட்டுப் பலகாரம்" என்று கட்டுரை எழுதச் சொன்னேன். ஒரு பையன், மரச்சீனிக் கிழங்கை அவித்து மேலே தேங்காய்ப்பூவும் சீனியும் தூவித் தின்போம், விசேஷத்துக்கு அதுதான் என்று எழுதியிருந்தான். நான் சிவப்பு மையால் அடித்து, "இது பலகாரம் அல்ல" என்று எழுதி, பக்கத்தில் அதிரசம், முறுக்கு என்று திருத்திக் கொடுத்தேன். அவன் அதையே அழகாக மறுபடி எழுதிவந்து காட்டினான். 'நன்று' போட்டேன்.

அந்தப் பிளேட்டைப் பார்த்து அந்த அம்மா கேட்ட அன்றைக்கு ராத்திரி எனக்கு இவன் முகம்தான் வந்தது. அவன் வீட்டில் அதிரசம் சுட்டிருக்கவே மாட்டார்கள். அவன் அம்மா செய்ததை அவன் நோட்டிலிருந்தே அழித்தவள் நான்.

மகனே, நீ இந்தப் பக்கத்தில் இருக்கிறாயா என்று தெரியவில்லை. இருந்தால், அன்று நீ எழுதியதுதான் சரி. டீச்சர் போட்ட சிவப்புக் கோடுதான் தப்பு.

மற்றவர்களுக்கு ஒரு வீட்டுப்பாடம். வேறு ஊர்ப் பண்டம் எதுவானாலும் முதல் தடவை அவர்கள் சொன்னபடியே செய்யுங்கள். இரண்டாம் தடவை உங்கள் இஷ்டம். ஸ்நோபால் செய்கிறவர்கள் படம் அனுப்புங்கள். அந்த அம்மாவுக்குக் காட்டச் சொல்லி என் மகளுக்கு அனுப்புகிறேன். இந்தத் தடவை அவருக்கு அடையாளம் தெரிய வேண்டும்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்