எறும்பு கதவைச் சாத்தியது சரியா?

 

எறும்பும் வெட்டுக்கிளியும் கதை தெரியாத பிள்ளை நம்ம இரத்தினபுரி, கேகாலைத் தோட்டங்களில் இல்லை. "எறும்பு மாதிரி உழைச்சா கஷ்டம் வராது" என்று சொல்லி நாங்களும் பாடத்தை முடித்துவிடுகிறோம். அந்தக் கடைசி வரியைப் பற்றித்தான் இந்தப் பதிவு.

நூறு வருஷத்துக்கு முந்தியே இந்தக் கதையைப் பேசாத படமாக எடுத்துவிட்டார்கள். 1910களின் தொடக்கத்தில் ரஷ்யாவில் ஸ்டாரெவிச் என்பவர் செத்த பூச்சிகளுக்குக் கம்பியில் கால் வைத்து, கொஞ்சம் கொஞ்சமாக அசைத்து, ஒவ்வொரு படமாகப் பிடித்தார். சில நிமிஷப் படம்தான். பனிக்காலத்தில் உதவி கேட்டு வரும் வெட்டுக்கிளியை எறும்பு விரட்டிவிடுகிறது. அது பனியில் விழுந்து சாகிறது. 1934இல் டிஸ்னி இதையே எடுத்தபோது, எறும்புகள் அதை உள்ளே எடுத்துக் காப்பாற்றுகின்றன. கதை ஒன்று, முடிவு இரண்டு.

அமெரிக்காவில் போல் டெரி 1921 முதல் ஈசாப் பெயரில் பேசாத கார்ட்டூன்கள் எடுத்தார. கடைசியில் ஒரு நீதி எழுத்தில் வரும். பல நேரம் கதைக்கும் அதுக்கும் சம்பந்தமே இருக்காது. அது சிரிப்புக்காக. நாங்கள் வகுப்பில் சொல்லும் நீதியும் அப்படித்தான் ஆகிவிடுகிறது, ஆனால் சிரிக்க முடியாது.

ஏனென்றால் எங்கள் பிள்ளைகளின் வீட்டிலேயே எறும்புகள் இருக்கிறார்கள். விடியமுன் பால் வெட்டப் போகும் அப்பா, கொழுந்து கிலோ குறைந்தால் அரைப்பேர் வாங்கி வரும் அம்மா. 1,000 ரூபா நாட்சம்பளம் வருஷக்கணக்காகப் போராடி 2021இல்தான் வர்த்தமானியில் வந்தது. "உழைத்தவனுக்குக் கஷ்டமில்லை" என்றால், லயத்தில் கஷ்டப்படும் தன் அம்மா உழைக்கவில்லை என்றா அந்தப் பிள்ளை நினைக்க வேண்டும்?

குர்ஆனில் 'எறும்புகள்' என்றே ஓர் அத்தியாயம் உண்டு. அங்கே வரும் எறும்பு, சுலைமான் நபியின் படை மிதித்துவிடாமல் தன் கூட்டத்தையே புற்றுக்குள் போகச் சொல்லி எச்சரிக்கிறது. அது தனக்கு மட்டும் சேர்த்து வைத்த எறும்பு இல்லை.

உழைப்பைச் சொல்லிக் கொடுக்க வேண்டாம் என்று சொல்லவில்லை. பேசாத படத்துக்கு மொழி தடையில்லை; சிங்களப் பிள்ளையும் தமிழ்ப் பிள்ளையும் சேர்ந்து பார்க்கலாம். போனில் அந்தப் படத்தைப் போட்டுக் காட்டுங்கள். முடிந்ததும் நீதியை நீங்கள் சொல்லாதீர்கள். "எறும்பு செய்தது சரியா?" என்று மட்டும் கேளுங்கள். பிள்ளை சொல்லும் பதிலைக் கீழே எழுதுங்கள், வாசிக்க ஆசையாக இருக்கிறேன்.