சுருள் ஓவியமும் ஃபூயாங்கின் பேச்சும்

சீனப் பண்பாட்டு மரபைப் பேசும் திரைப்படம் என்றதும் அரண்மனையும் பட்டாடையும் வாள்வீச்சுமே நம் நினைவுக்கு வருகின்றன. கு ஷியாவ்காங் இயக்கிய ‘டுவெல்லிங் இன் தி ஃபூச்சுன் மவுண்டன்ஸ்’ (2019) இவற்றில் எதையும் காட்டுவதில்லை. ஆயினும் மரபை இவ்வளவு நெருங்கிச் சென்ற படங்கள் குறைவு என்பேன்.

படத்தின் பெயர், 14ஆம் நூற்றாண்டில் ஹுவாங் கோங்வாங் தீட்டிய சுருள் ஓவியத்தினுடையது. 1650இல் அதன் உரிமையாளர் இறக்கும் தறுவாயில் அதைத் தீயிலிடச் செய்தார். உறவினர் ஒருவர் மீட்டெடுத்தபோது ஓவியம் இரண்டாகியிருந்தது. இன்று ஒரு பகுதி ஹாங்சோவிலும் மற்றொன்று தைபேயிலும் உள்ளன.

கு அந்த ஓவியத்திடமிருந்து எடுத்துக்கொண்டது அதன் பார்வை முறையை. சுருளை ஒரே நோக்கில் கண்டுவிட முடியாது. அது விரிய விரியக் கண்ணும் உடன் நடக்க வேண்டும். படத்தில் ஓர் இளைஞன் ஆற்றில் நீந்துகிறான். காதலி கரையில் நடக்கிறாள். பத்து நிமிடங்களுக்கும் மேலாகக் கேமரா வெட்டின்றி அவர்களைத் தொடர்கிறது. மலையும் நீரும் அங்கே மனிதரின் அன்றாடத்தோடு கலந்துவிடுகின்றன.

விமர்சனங்கள் இந்தக் காட்சியழகோடு நின்றுவிடுகின்றன. என் அக்கறை செவிக்குரியது. மறதிநோயுற்ற தாயும் நான்கு மகன்களும் கடனைப் பற்றியும் இடிபடும் வீடுகளைப் பற்றியும் பேசுவது இயக்குநரின் ஊரான ஃபூயாங்கின் பேச்சில். நடித்தோருள் பலர் அவருடைய உறவினரே. ஊ கிளையைச் சேர்ந்த அப்பேச்சு பெய்ஜிங்வாசிக்கு எளிதில் விளங்காது. பொதுச்சீனம் இழந்துவிட்ட பழைய ஒலிப்புடை மெய்களை ஊ மொழிகள் இன்னும் காத்துவருகின்றன. தொன்மை அருங்காட்சியகத்தில் மட்டும் இல்லை. படத்தில் வரும் மீனவரின் நாவிலும் இருக்கிறது.

2001இல் நடைமுறைக்கு வந்த சீன மொழிச் சட்டம் பொதுமொழியைப் பரப்பச் சொல்கிறது. நாடகம், திரைப்படம் போன்ற கலைகளுக்குத் தேவையெனில் வட்டார மொழிக்கு இடம் தருகிறது. இச்சலுகையைப் பாராட்டலாம். ஆனால் பள்ளியிலும் அலுவலகத்திலும் இடமிழந்த மொழி திரையில் மட்டும் வாழ்ந்தால், அதுவும் காட்சிப்பொருளாகிவிடும்.

துளுவும் போஜ்புரியும் படும் பாட்டை அறிந்த நாமும் இப்படத்தின் மொழியைச் ‘சீனம்’ என்று ஒற்றைச் சொல்லில் முடித்துவிடுகிறோம். இரண்டாகக் கிழிந்த ஓவியத்தைக் காக்க இரு நகரங்கள் இருக்கின்றன. பேச்சைக் காக்க அதைப் பேசும் வீடுகள்தாம் உண்டு. படத்தைப் பற்றி எழுதுவோர் அம்மொழியின் பெயரையாவது குறிப்பிட வேண்டும்.