ரூ.35 லட்சம் வீட்டுக்கு ரூ.70 லட்சம் செலவு! வீட்டுக்கடனில் தவணையை மட்டும் பார்த்தால் போதுமா?

சொந்த வீடு வாங்கிய யாரிடமாவது "மாசம் எவ்வளவு கட்டுறீங்க?" என்று கேட்டுப் பாருங்கள். பட்டென்று பதில் வரும். எந்த தேதியில் அக்கவுண்டில் இருந்து பணம் போகும் என்பது வரை சொல்வார்கள்.

"மொத்தமா எவ்வளவு கட்டி முடிப்பீங்க?" என்று கேட்டால் கொஞ்சம் யோசிப்பார்கள். "கடைசி தவணை எந்த வருஷம்?" என்று கேட்டால் பல பேர் முழிக்கிறார்கள்.

பைபாஸ் ரோட்டில் பிளாட் போட்ட இடமெல்லாம் நிற்கும் போர்டுகளிலும் மாதத்தவணைதான் கொட்டை எழுத்தில் இருக்கிறது. வருஷக் கணக்கு எங்கேயும் இல்லை. ஆனால் ஒரு குடும்பத்தின் பணம் கரைவது அந்த வருஷக் கணக்கில்தான்.

இதோ கணக்கு

ஒரு உதாரணம் பார்ப்போம். வீட்டின் விலை ரூ.35 லட்சம். கையில் இருந்து ரூ.5 லட்சம் போட்டு, ரூ.30 லட்சம் கடன் வாங்குகிறார் ஒருவர். வட்டி 8.5 சதவீதம். 20 வருஷம்.

மாதத்தவணை ரூ.26,035 வருகிறது. 240 மாதம் கட்டினால் மொத்தம் ரூ.62 லட்சத்து 48 ஆயிரம். இதில் வட்டி மட்டும் ரூ.32 லட்சத்து 48 ஆயிரம். அதாவது வாங்கிய கடனை விட வட்டி அதிகம்!

இதோடு முடியவில்லை. தமிழ்நாட்டில் கிரையப்பத்திரம் பதிய முத்திரைத்தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். (பதிவுக் கட்டணம் 2017-ல் 4 சதவீதமாக ஏற்றப்பட்டு, 2023 ஏப்ரலில் 2 ஆகக் குறைக்கப்பட்டது.) ரூ.35 லட்சத்துக்கு பத்திரம் போட்டால் ரூ.3 லட்சத்து 15 ஆயிரம் போய்விடும். இந்தப் பணத்தை சாதாரணமாக வங்கி கடனில் சேர்த்து தராது. நாம்தான் புரட்ட வேண்டும்.

கைப்பணம் 5 லட்சம், பத்திரச் செலவு 3.15 லட்சம், தவணை 62.48 லட்சம். கூட்டினால் ரூ.70 லட்சத்தை தாண்டுகிறது. ரூ.35 லட்சம் வீட்டின் நிஜ விலை இதுதான்.

முதல் 5 வருஷம் கட்டும் பணம் எங்கே போகிறது?

முதல் மாதம் கட்டும் ரூ.26,035-ல் ரூ.21,250 வட்டிக்கே போய்விடுகிறது. அசலில் கழிவது ரூ.4,785 மட்டும்தான்.

முதல் வருஷம் முழுக்க ரூ.3 லட்சத்து 12 ஆயிரம் கட்டியிருப்பார். அசல் குறைந்தது ரூ.60 ஆயிரம் கூட இல்லை.

5 வருஷம் ஒரு மாதம் கூட தவறாமல் கட்டினால் ரூ.15 லட்சத்து 62 ஆயிரம் கட்டியாகிவிட்டது. பாதிக்கடன் முடிந்திருக்கும் என்று நினைத்து வங்கிக்கு போனால், பாக்கி ரூ.26 லட்சத்து 44 ஆயிரம் என்று சொல்வார்கள். கேட்டவருக்கு தலை சுற்றும்.

இதில் ஏமாற்று எதுவும் இல்லை. பாக்கி இருக்கும் அசலுக்கு வட்டி போடுவதுதான் முறை. ஆரம்பத்தில் அசல் பெரிசு, அதனால் வட்டியும் பெரிசு. அசலில் பாதி குறையவே கிட்டத்தட்ட 14 வருஷம் ஆகும். கடைசி 6 வருஷத்தில்தான் மீதிப் பாதி மளமளவென்று குறையும்.

இதனால்தான் 6, 7 வருஷத்தில் வீட்டை விற்றுவிட்டு வேறு ஊருக்கு போகிறவர்களுக்கு கையில் நினைத்த அளவு காசு நிற்பதில்லை.

'தவணையை குறைச்சு தர்றோம்' என்றால் உஷார்!

"தவணை அதிகமா இருக்கா? வருஷத்தை கூட்டிக்கலாம் சார்." இதை கேட்காத கடன்தாரர் இருக்க மாட்டார். கேட்க நன்றாகத்தான் இருக்கும். அதே ரூ.30 லட்சம், அதே 8.5 சதவீதம். வருஷத்தை மட்டும் மாற்றிப் பார்ப்போம்.

15 வருஷம்: தவணை ரூ.29,542. மொத்த வட்டி ரூ.23.18 லட்சம்.

20 வருஷம்: தவணை ரூ.26,035. மொத்த வட்டி ரூ.32.48 லட்சம்.

30 வருஷம்: தவணை ரூ.23,067. மொத்த வட்டி ரூ.53.04 லட்சம்.

20-ஐ 30 ஆக்கினால் மாதம் மிச்சம் ஆவது 3 ஆயிரத்துக்கும் கீழே. கூடுதலாக கட்டும் வட்டி ரூ.20 லட்சத்துக்கும் மேலே. மாதம் ஒரு மளிகை பில் அளவு மிச்சம் பிடிக்கப் போய், பிள்ளையின் காலேஜ் செலவு, கல்யாணச் செலவு எல்லாவற்றையும் வட்டிக்கு கொடுத்த மாதிரி ஆகிறது.

வட்டி ஏறினால் என்ன நடக்கிறது?

மேலே சொன்ன கணக்கெல்லாம் வட்டி 20 வருஷமும் ஒரே மாதிரி இருந்தால்தான். நம்ம ஊரில் வீட்டுக்கடன் பெரும்பாலும் மாறும் வட்டிதான்.

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாக தரும் மாறும் வட்டி வீட்டுக்கடன்களை ரெப்போ வட்டி போன்ற வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டது. ரெப்போ என்பது வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் கொடுக்கும் வட்டி. அது ஏறினால் நம் கடன் வட்டியும் ஏறும்.

கொரோனா காலத்தில் 2020 மே மாதம் ரெப்போ 4 சதவீதத்துக்கு இறங்கியது. 2022 மே மாதம் ஏற ஆரம்பித்து, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம் ஆனது. பத்தே மாதத்துக்குள் 2.5 சதவீதம் ஏற்றம்!

7 சதவீதத்தில் ரூ.30 லட்சம், 20 வருஷத்துக்கு வாங்கியவரை எடுத்துக்கொள்வோம். தவணை ரூ.23,259. இரண்டு வருஷம் ஒழுங்காக கட்டிவிட்டார். பாக்கி ரூ.28 லட்சத்து 52 ஆயிரம். கணக்கு எளிதாக இருக்க, அப்போது வட்டி ஒரே அடியாக 9.5 சதவீதம் ஆனது என்று வைத்துக்கொள்வோம்.

அந்த மாதம் வட்டி மட்டும் ரூ.22,579. அவர் கட்டும் தவணையில் அசலுக்கு போவது வெறும் 680 ரூபாய்!

தவணையை மாற்றாமல் விட்டால் பாக்கி 18 வருஷம் முடிய வேண்டிய கடன், 37 வருஷத்துக்கும் மேல் இழுக்கும். 40 வயதில் கடன் வாங்கியவருக்கு 79 வயது ஆகிவிடும். அரசு ஊழியராக இருந்தால் கூட 60 வயதில் ரிட்டயர்டு. அதற்கு அப்புறம் தவணையை யார் கட்டுவது?

அதே 18 வருஷத்தில் முடிக்க வேண்டும் என்றால் தவணை ரூ.27,606 ஆகும். மாதம் ரூ.4,347 கூடுதல்.

வட்டி ஏறியபோது வங்கிகள் பெரும்பாலும் தவணையை தொடாமல் வருஷத்தை நீட்டின. அக்கவுண்டில் அதே தொகைதான் போகிறது என்பதால் பல பேருக்கு எதுவும் மாறியதாகவே தெரியவில்லை. இப்படி புகார்கள் வந்த பிறகுதான் 2023 ஆகஸ்டு 18-ந் தேதி ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது கடன்தாரருக்கு தகவல் சொல்ல வேண்டும். தவணையை கூட்டுவதா, வருஷத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று அவரையே கேட்க வேண்டும். 3 மாதத்துக்கு ஒரு தடவை அசல், வட்டி, மீதி தவணை எண்ணிக்கை எல்லாம் போட்டு கணக்கு தர வேண்டும். தவணை வட்டிக்கே பத்தாமல் கடன் வளரும் நிலை வரக்கூடாது என்றும் அதில் சொல்லியிருக்கிறது.

அப்புறம் 2025-ல் நிலைமை மாறியது. பிப்ரவரி முதல் டிசம்பர் வரை 4 தடவையாக ரெப்போ 1.25 சதவீதம் குறைக்கப்பட்டு 5.25 ஆனது. ஆனால் ஏறியபோது நீண்டுபோன வருஷம், தானாக பழைய இடத்துக்கு வந்துவிட்டதா என்று பார்க்க வேண்டியது கடன்தாரரின் வேலை. வங்கி அல்லாத வீட்டுக்கடன் நிறுவனங்களில் வாங்கியவர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். 2019 உத்தரவு வங்கிகளுக்கு போட்டது.

கணக்கில் வராத செலவுகள்

பிராசசிங் கட்டணம், வக்கீல் ஒப்பீனியன், என்ஜினீயர் மதிப்பீடு, பத்திரத்தை அடமானம் வைக்கும் எம்.ஓ.டி. பதிவு என்று ஆரம்பத்திலேயே ஒரு செலவு இருக்கிறது. கடன் முடிந்த பிறகு ரசீது பத்திரம் பதிந்தால்தான் வில்லங்க சான்றில் பழைய அடமானத்துக்கு முடிவு தெரியும். அதற்கும் செலவு உண்டு.

இன்சூரன்ஸ் இன்னொன்று. ரூ.1 லட்சம் பிரீமியத்தை "கடன்லயே சேர்த்துடறோம்" என்பார்கள். 8.5 சதவீதத்தில் 20 வருஷத்துக்கு அந்த 1 லட்சம் ரூ.2 லட்சத்து 8 ஆயிரமாக ஆகிவிடும். குடும்பத் தலைவருக்கு இன்சூரன்ஸ் தேவைதான். ஆனால் பிரீமியத்தை தனியாக கட்டினால் இந்த வட்டி மிச்சம்.

கட்டிக்கொண்டு இருக்கும் அடுக்குமாடியில் வாங்கினால் வீடு முடியும் வரை வட்டி மட்டும் கட்டச் சொல்வது உண்டு. அதில் அசல் ஒரு ரூபாய் கூட குறையாது. பில்டர் இழுத்தடித்தால் வாடகையும் கட்டணும், வட்டியும் கட்டணும்.

"வரிச்சலுகை இருக்குல்ல?" என்பார்கள். குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு வருஷம் ரூ.2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில்தான். 2023-24 முதல் தானாக பொருந்தும் புதிய வரி முறையில் அந்தக் கழிவு கிடையாது.

வாடகைக்கு இது மேல் இல்லையா?

நியாயமான கேள்வி. வாடகை கொடுத்தால் ஒன்றும் மிஞ்சாது, கடன் கட்டினால் வீடாவது மிஞ்சும். தவிர, இன்று ரூ.26 ஆயிரம் என்பது பெரிய பாரம். 15 வருஷம் கழித்து சம்பளம் ஏறியிருந்தால் அதே ரூ.26 ஆயிரம் அவ்வளவு பாரமாக தெரியாது. வீட்டு மதிப்பும் ஏறலாம்.

அதனால் கடனே வாங்கக்கூடாது என்று சொல்ல வரவில்லை. ஆனால் அதே வீட்டுக்கு வாடகை ரூ.10 ஆயிரம்தான் என்றால், மீதி ரூ.16 ஆயிரம் எதற்காக போகிறது என்று தெரிந்து கையெழுத்து போட வேண்டும்.

தவணை தவறினால் விஷயம் விபரீதம். 90 நாளைக்கு மேல் பாக்கி நின்றால் வாராக்கடன். 2002-ம் வருஷ சர்பாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ். அதற்கும் கட்டாவிட்டால் வீடு சுவாதீனம், பேப்பரில் விளம்பரம், ஏலம். கோர்ட்டில் கேஸ் போட்டு தீர்ப்பு வாங்காமலேயே வங்கி இதை செய்ய முடியும்.

என்ன செய்யலாம்?

கடன் வாங்கும் முன்: 2024 அக்டோபர் 1 முதல் புதுக்கடன்களுக்கு முக்கிய விவர அறிக்கை தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. கட்டணங்களையும் சேர்த்த வருடாந்திர வட்டி அதில் இருக்கும். இரண்டு, மூன்று இடத்தில் வாங்கி பக்கத்தில் வைத்து ஒப்பிடுங்கள்.

கைப்பணத்துக்கு நகைக்கடன், பர்சனல் லோன் போடுவதாக இருந்தால் அந்த தவணையையும் இதோடு கூட்டிப் பாருங்கள். வட்டி 2 சதவீதம் ஏறினால் தாங்குமா என்றும் பாருங்கள். தாங்காது என்றால் வீட்டை கொஞ்சம் சின்னதாக பார்ப்பது நல்லது.

கடன் ஓடும்போது: வருஷத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாக அசலில் கட்டினால், நம் ரூ.30 லட்சம் உதாரணத்தில் கடன் 16 வருஷம் 9 மாதத்தில் முடிந்துவிடும். மிச்சம் ரூ.6 லட்சத்துக்கும் மேல். தீபாவளி போனஸ் ஞாபகத்தில் இருக்கட்டும். தனிநபர் பெயரில் உள்ள மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் போட 2012 முதலே தடை இருக்கிறது. பணம் கட்டும்போது "தவணையை குறைக்க வேண்டாம், வருஷத்தை குறைங்க" என்று எழுதிக் கொடுங்கள்.

வட்டி குறையும்போதும் பழைய தவணையையே கட்டுங்கள். வருஷம் தானாக குறையும். புதிதாக வருகிறவர்களுக்கு வட்டி குறைவாக இருந்தால், எனக்கும் மாற்றிக் கொடுங்கள் என்று கேளுங்கள். கேட்காமல் கிடைக்காது.

கடன் முடிந்ததும்: 30 நாளில் அசல் பத்திரத்தை திருப்பித் தர வேண்டும். வங்கி தரப்பில் தாமதம் என்றால் நாளொன்றுக்கு ரூ.5 ஆயிரம் நஷ்டஈடு தரணும். 2023 டிசம்பர் 1 முதல் இது அமலில் வந்தது.

இத்தனையும் நினைவில் இல்லாவிட்டாலும் பரவாயில்லை. நாளைக்கே வங்கிக்கு ஒரு நடை போய், "என் கடைசி தவணை எந்த மாசம், எந்த வருஷம்?" என்று கேளுங்கள். கடன் வாங்கியபோது சொன்ன வருஷமும் இப்போது சொல்லும் வருஷமும் ஒன்றாக இருந்தால் நிம்மதியாக வீட்டுக்கு வாருங்கள். வேறாக இருந்தால், நீண்ட வருஷத்துக்கு கணக்கு கேட்டு வாங்காமல் அந்த கவுண்டரை விட்டு நகராதீர்கள்.